உழவனின் நண்பன் துள்ளினால்...

நியூ ஜெர்சி மாநிலத்தின் எடிசன் நகர். ஆகஸ்ட் மாதக் காலை. நண்பர் வீட்டின் பின்பக்கம் அவருடைய அம்மா வெண்டைக்காய் பறித்துக்கொண்டிருந்தார். பட்டுக்கோட்டைப் பக்கம் சொந்த ஊர். ஆறு மாதம் மகனோடு இருக்கலாம் என்று மே மாதம் வந்தவர், வந்த மறுவாரமே புல்தரையில் கால்வாசியைக் கொத்திப் பாத்தி கட்டிவிட்டார். வெண்டை, கத்திரி, ஒரு புடலைக் கொடி. தொட்டியில் கறிவேப்பிலை.

"தம்பி, இங்க வந்து பாரேன். மண்ணு எப்படிப் பொலபொலன்னு இருக்கு!"

போய்ப் பார்த்தேன். கத்திரிச் செடிக்கு அடியில் போட்டிருந்த மூடாக்கை விலக்கி, ஒரு கை மண்ணை அள்ளிக் காட்டினார். டிகாஷன் இறங்கிய பிறகு ஃபில்டரைத் தட்டிக் கொட்டுவோமே, அந்தக் காப்பிச் சக்கை மாதிரியே இருந்தது. அதற்குள் புழுக்கள். ஒரு கைப்பிடியில் ஏழெட்டு.

"உரமே வேணாம் போலிருக்கு. நம்ம ஊர்ல யூரியா போட்டுப் போட்டு இதெல்லாம் எப்பவோ போச்சு" என்றபடி ஒரு புழுவை விரலால் தொட்டார். மண்புழு என்றால் சுருண்டுகொள்ளும், அல்லது மெதுவாக நழுவும். இது துள்ளியது. உடம்பை இடமும் வலமும் வீசி, கையிலிருந்து எகிறித் தரையில் விழுந்து, பாம்பு போல வளைந்து வளைந்து ஓடியது. இன்னொன்றை எட்டிப் பிடித்தார். வால் மட்டும் விரலில் தங்கிவிட்டது. மீதிப் புழு போய்விட்டது. தங்கிய வாலும் சும்மா இருக்கவில்லை.

"ஐயையோ, இது புழு இல்லடா, பாம்புக் குட்டி!"

சத்தம் கேட்டு வெளியே வந்த நண்பர் நெற்றியில் கை வைத்துக்கொண்டார். "இங்கயும் வந்துடுச்சா?"

அம்மாவுக்குப் புரியவில்லை. அவர் கேட்ட கேள்வி நியாயமானது. "மண்புழு இருந்தா மண்ணு நல்லாத்தானேடா இருக்கும்?"

பள்ளிக்கூடத்தில் உழவனின் நண்பன் யார் என்று கேட்டால் கோடிட்ட இடத்தில் மண்புழு என்று எழுதி மார்க் வாங்கியவர்கள் நாம். 1881ல் சார்லஸ் டார்வின் மண்புழுவுக்காகவே ஒரு முழுப் புத்தகம் எழுதினார். இத்தனை பேர் நற்சான்று கொடுத்த ஓர் உயிரை, கண்டதும் பிடித்துப் பையில் போட்டுக் கட்டி வெயிலில் வை என்று அமெரிக்க மாநில அரசுகளும் பல்கலைக்கழகங்களும் சொல்லிக்கொண்டிருக்கின்றன. ஏன்?

பனி துடைத்துவிட்டுப் போன மண்

பதில் இந்தப் புழுவிடம் இல்லை. அது வந்து சேர்ந்த மண்ணிடம் இருக்கிறது.

இருபதாயிரம் ஆண்டுகளுக்கும் முன்பு, வட அமெரிக்காவின் வடபகுதியை ஒரு மாபெரும் பனிப்பாளம் மூடியிருந்தது. அது எதுவரை வந்து நின்றது என்பதற்கு அடையாளமாக, அது தள்ளிக்கொண்டு வந்த கல்லும் மண்ணும் ஒரு நீண்ட மேடாக இன்றும் கிடக்கின்றன. நியூ ஜெர்சியில் அந்த மேடு பெர்த் அம்பாய், மெட்டச்சன் வழியாகப் போகிறது. எடிசன் நகரம் நாலு பக்கமும் சூழ்ந்திருக்கும் ஊர்தான் மெட்டச்சன். தமிழ்க் குடும்பங்கள் இட்லி மாவு வாங்கப் போகும் சாலைகளின் ஓரத்தில்தான் அந்தப் பனி தன் கடைசி அடியை வைத்தது.

பனி மூடிய பரப்பில் மண்புழு இனமே இல்லாமல் போயிற்று. பனி உருகி, காடு திரும்பி வந்தது. வேகமாக இடம்பெயரத் தெரியாத புழு வரவில்லை. ஆயிரக்கணக்கான ஆண்டுகள் அந்தக் காடுகள் மண்புழு இல்லாமலே வளர்ந்தன. உதிர்ந்த இலைகளைப் பூஞ்சைகளும் நுண்ணுயிர்களும் மரவட்டைகளும் நிதானமாக மக்கவைத்தன. அந்த நிதானத்தால் தரையில் மெத்தை போல ஓர் இலைப் படுகை சேர்ந்தது. விதை முளைப்பது அதில். வேர் ஓடுவது அதில். ஈரம் நிற்பதும் அதில்தான்.

பிறகு ஐரோப்பியர்கள் வந்தார்கள். செடித் தொட்டியிலும் கப்பல் பாரத்துக்குப் போட்ட மண்ணிலுமாக அவர்கள் ஊர்ப் புழுக்களும் வந்தன. இன்று அமெரிக்க வடபகுதித் தோட்டக்காரர் நம்ம ஊர்ப் புழு என்று கொண்டாடும் பெரிய நைட்க்ராலர்கூட அப்படிக் குடியேறியதுதான். அது முதல் அலை. ஜப்பானிலிருந்தும் கொரியத் தீபகற்பத்திலிருந்தும் வந்த துள்ளும் புழுக்கள் இரண்டாவது அலை. அமிந்தாஸ் அக்ரெஸ்டிஸ், அமிந்தாஸ் டோக்கியோயென்சிஸ், மெட்டாஃபைர் ஹில்ஜெண்டார்ஃபி என்ற மூன்று இனங்கள் பெரும்பாலும் ஒன்றாகவே திரிகின்றன. பிறந்த ஊரில் இவை சமத்துப் பிள்ளைகள். அந்தக் காடுகள் இவற்றோடு சேர்ந்தே வளர்ந்தவை.

அமெரிக்காவின் தென்கிழக்கில் இவை நெடுநாளாகவே இருக்கின்றன. பெரிய பேச்சாகக் கிளம்பியது 2013ல், விஸ்கான்சின் பல்கலைக்கழகத்தின் மாடிசன் மரப்பூங்காவில் இவை கண்டுபிடிக்கப்பட்டபோது. குளிர் தாங்காது என்று நினைத்த புழு, ஏரி உறையும் ஊரில் இருந்தது. இன்று முப்பதுக்கும் மேற்பட்ட மாநிலங்களில் இருக்கிறது. கனடாவின் ஒன்டாரியோவுக்கும் போய்விட்டது.

ஒரே நாளில் காலியாகும் குதிர்

சாதாரண நைட்க்ராலர் ஆழமாக வளை தோண்டி, இலையை உள்ளே இழுத்துச் சென்று தின்னும். துள்ளும் புழு அந்தச் சிரமமெல்லாம் படாது. மண்ணின் மேல் இரண்டு மூன்று அங்குலத்திலேயே கூட்டமாக வாழ்ந்து, மேலே கிடக்கும் இலை, மரத்தூள், மூடாக்கு எல்லாவற்றையும் தின்று, உருண்டை உருண்டையாக எச்சம் போட்டுக்கொண்டே போகும். பட்டுக்கோட்டை அம்மா மெச்சிய பொலபொலப்பு அந்த எச்சம்தான்.

அந்த மண்ணைச் சோதனைக்கு அனுப்பினால் அறிக்கை பிரமாதமாக வரும் என்பது இதில் ஏமாற்றும் இடம். விஸ்கான்சின் ஆய்வுகளில் புழு வந்த மண்ணில் நைட்ரஜன், பாஸ்பரஸ் போன்ற சத்துகள் கூடித்தான் இருந்தன. சத்து இருக்கிறது, செடிக்கு வேண்டிய நேரத்தில் இல்லை. வருஷம் முழுக்க அளந்து எடுக்க வேண்டிய நெல்லைக் குதிரிலிருந்து ஒரே நாளில் வாசலில் கொட்டினால் என்ன ஆகும்? புழு உச்சத்தில் தின்பது கோடையின் பின்பகுதியிலும் இலையுதிர் காலத்திலும். அப்போது செடிகள் ஓய்வுக்குப் போய்க்கொண்டிருக்கும். கொட்டிய சத்து மழையோடு போகும். உருண்டை மண்ணுக்கு ஒன்றோடொன்று பிடிப்பு இல்லாததால் சரிவான இடத்தில் மண்ணும் சேர்ந்தே போகும். வேருக்குப் பிடிமானம் இருக்காது. பக்கவாட்டில் லேசாக இழுத்தால் செடி கையோடு வந்துவிடும். தண்ணீர் ஊற்றினால் நிற்காது.

காய்கறித் தோட்டம் இதையும் சமாளித்துவிடும். வருஷா வருஷம் கொத்தி, உரம் போட்டு, தண்ணீர் விடும் இடம் அது. அந்த அம்மாவின் வெண்டை அன்றும் நன்றாகத்தான் காய்த்திருந்தது. ஆள் கவனிக்காத இடத்தில்தான் அடி பலமாக விழுகிறது. வீட்டுக்குப் பின்னால் வேலி தாண்டினால் காடு தொடங்கும் ஊர்கள் அவை. புழுவுக்கு வேலி தெரியாது.

அந்தக் காட்டில் சர்க்கரை மேப்பிள் மரம் இருக்கிறது. கனடாவின் கொடியில் இருப்பது மேப்பிள் இலை. காலை உணவில் ஊற்றிக்கொள்ளும் பாகு இந்த மரத்திலிருந்து வருவது. வயதான மரம் நின்றுகொண்டிருக்கும், அதன் கன்றுகள்தான் முளைக்க முடியாமல் திணறும். விதைக்கு மெத்தை வேண்டும். கீழே வெறும் காப்பிச் சக்கைதான் இருக்கிறது. ஒன்டாரியோவின் மாகாண மலரான வெள்ளை ட்ரில்லியமும் அந்தப் படுகையில் வளர்வது, விதையிலிருந்து பூக்கப் பல வருடம் எடுப்பது. அவசரக்காரப் புழுவோடு அதனால் போட்டி போட முடியாது. காலியான இடத்தில் களைகள் வந்து உட்காரும்.

ஸ்மோக்கி மலைத்தொடரின் தேசியப் பூங்காவில் அக்ரெஸ்டிஸ் புழு இருந்த இடங்களில் மரவட்டைகள் குறைந்திருந்ததை 2011ல் வந்த ஓர் ஆய்வு காட்டியது. இருவருக்கும் சாப்பாடு ஒன்றே. புழு வேகமாகச் சாப்பிடுகிறது. இலைப் படுகைக்குள் கூடு கட்டும் ஓவன்பேர்ட் என்ற சிறு பறவை, முதல் அலையில் வந்த ஐரோப்பியப் புழுக்கள் தின்று தீர்த்த விஸ்கான்சின் காட்டிலேயே குறைந்துவிட்டது. துள்ளும் புழு அந்த ஐரோப்பியப் புழுக்களையும் விட்டுவைப்பதில்லை. மாடிசன் மரப்பூங்காவில் ஆண்டுதோறும் எண்ணிப் பார்த்தவர்கள், புதியவர் பரவப் பரவப் பழையவர் ஒதுங்குவதைப் பதிவு செய்திருக்கிறார்கள். குடியேறியவரைக் குடியேறியவர் விரட்டுகிறார்.

*[பெட்டிச் செய்தி]*
இது அதுதானா?

கழுத்துப் பட்டையைப் பாருங்கள். மண்புழுவின் முன்பகுதியில் தடித்த வளையம் ஒன்று இருக்கும். பாடப் புத்தகத்தில் கிளைடெல்லம் என்று படித்தது. துள்ளும் புழுவுக்கு அது பால் வெள்ளையாக அல்லது சாம்பலாக, வழவழப்பாக, உடம்போடு ஒட்டி, முழு வட்டமாகச் சுற்றியிருக்கும். நைட்க்ராலருக்கு அது இளஞ்சிவப்பாக, குதிரைச் சேணம் மாதிரி மேலே புடைத்து, அடியில் இணையாமல் இருக்கும்.

வளர்ந்த புழுவின் நீளம் பெரும்பாலும் 3 முதல் 8 அங்குலம்.

தொட்டால் துள்ளும், பாம்பு போல் நெளியும், சில நேரம் வாலை விட்டுவிட்டு ஓடும்.

ஜூலைக்கு முன் தேடினால் பட்டை வளர்ந்திருக்காது. அடையாளம் சொல்வது கஷ்டம். ஆகஸ்ட், செப்டம்பர்தான் சரியான மாதங்கள். மூன்றில் எந்த இனம் என்று சொல்ல ஆய்வகம் வேண்டும். தோட்டக்காரருக்கு அது தேவையுமில்லை.

கடுகு அளவில் ஒரு குளிர்காலம்

இந்தப் புழுவின் ஆயுள் ஒரே பருவம். வசந்தத்தில் மண்ணின் வெப்பம் சுமார் 10 டிகிரி செல்சியஸைத் தொட்டதும் குஞ்சு வெளிவரும். இரண்டு மூன்று மாதத்தில் வளர்ந்து முட்டையிடும். முதல் கடும் உறைபனியில் செத்துப்போகும். மே மாதம் வந்து அக்டோபரில் ஊர் திரும்பும் பெற்றோர்களின் அதே கணக்கு.

நவம்பரில் பாத்தியைக் கிளறினால் ஒரு புழுகூடக் கிடைக்காது. தொலைந்தது சனியன் என்று தோட்டக்காரர் நிம்மதியாவார். அப்போது மண்ணுக்குள் இருப்பது முட்டைக்கூடுகள். கடுகைவிடச் சற்றே பெரியவை, பழுப்பு நிறம், மண்ணுருண்டைக்கும் அதற்கும் கண்ணால் வித்தியாசம் தெரியாது. உறைபனியைத் தாங்கும். வறட்சியைத் தாங்கும். ஒரு வருடம் போனாலும் மிச்சமிருப்பது அடுத்த வருடம் பொரிக்கும்.

போதாததற்கு, இணை சேராமலே இவை முட்டையிடும். ஒரு தோட்டத்துக்கு ஒரே ஒரு முட்டைக்கூடு போய்ச் சேர்ந்தால் போதும்.

அதனால்தான் கொல்வதைவிடக் கடத்தாமல் இருப்பதைப் பற்றியே எல்லோரும் பேசுகிறார்கள். தானாக நகர்ந்தால் இந்தப் புழு வருடத்துக்குச் சில அடிகளோ கெஜங்களோதான் போகும். நூறு மைல் தாண்டியதெல்லாம் நம் கையால். நர்சரித் தொட்டி, மூட்டையில் வாங்கும் மரத்தூள், லாரியில் வரும் மேல்மண், தூண்டில் இரைக்கென்று டப்பாவில் விற்கும் புழு, காட்டுப் பாதையில் நடந்த பூட்ஸின் அடிப்பள்ளத்தில் ஒட்டிய சேறு. எல்லாவற்றையும்விட, அன்பாகக் கொடுக்கும் செடி.

இங்கேதான் நம் ஆட்களுக்கு வலிக்கும். அமெரிக்காவில் ஒரு தமிழ் வீட்டில் கறிவேப்பிலைக் கன்று எங்கிருந்து வந்தது என்று விசாரித்தால் அது ஒரு குடும்ப வரலாறாக நீளும். டெக்ஸாஸில் இருக்கும் சித்தி பெண் கொடுத்தது, அவளுக்குக் கோயில் நண்பர் கொடுத்தது, அவருக்கு யாரோ கொடுத்தது. மல்லிகைப் பதியன், பிரண்டைத் துண்டு, புதினா வேர், கற்பூரவல்லி. கார் டிக்கியில் செய்தித்தாளை விரித்து மண்ணோடு வைத்து எடுத்துப் போவார்கள். விமான நிலையத்தில் கைப்பையில் இருக்கும் நாலு கறிவேப்பிலைக் கொத்தைப் பிடுங்கிக் குப்பையில் போடுவார்கள். வெளிநாட்டு மண் ஒரு பிடிகூட அனுமதியில்லாமல் உள்ளே போக முடியாது. மாநிலம் விட்டு மாநிலம் போகும் காரின் டிக்கியைப் பெரும்பாலும் யாரும் திறந்து பார்ப்பதில்லை.

அமெரிக்கத் தோட்டக் கழகங்கள் இந்த இடத்தில் நம்மைவிட முன்னால் போய்விட்டன. வருடாந்தரச் செடி விற்பனையைச் சில கழகங்கள் நிறுத்தின. சில கழகங்கள் மண்ணையெல்லாம் அலசி, வேரை மட்டும் ஈரத் தாளில் சுற்றிக் கொடுக்கின்றன.

இலுப்பைப் புண்ணாக்கின் பழைய கதை

மருந்து இல்லையா என்பது அடுத்த கேள்வி. அமெரிக்காவில் மண்புழுவைக் கொல்லவென்று பதிவு செய்யப்பட்ட மருந்து ஒன்றுகூட இல்லை. நண்பனைக் கொல்ல யார் மருந்து தயாரிப்பார்கள்?

ஆனால் ஒரு சுற்றுவழி உண்டு, அதில் நம் ஊர் மரம் ஒன்று சம்பந்தப்பட்டிருக்கிறது. கோல்ஃப் மைதானக்காரர்களுக்குப் புழுவின் எச்ச மேடுகள் என்றைக்குமே ஆகாது. சென்ற நூற்றாண்டின் தொடக்கத்தில் பிரிட்டிஷ் மைதானங்களில் புழுவை விரட்ட அவர்கள் இந்தியாவிலிருந்து மோரா என்ற புண்ணாக்கைக் கப்பலில் வரவழைத்தார்கள். மோரா என்பது மஹுவா, நம் இலுப்பையின் வடநாட்டு உடன்பிறப்பு. அதிலுள்ள சபோனின் என்ற பொருள்தான் வேலை செய்கிறது. தலைக்கு இலுப்பை அரப்புத் தேய்த்தாலும் சீயக்காய் தேய்த்தாலும் நுரை வருவது அதனால்தான். புழுவின் தோலில் பட்டால் எரியும். மேலே வந்து சாகும். நம் ஊரில் குளத்து மீனைக் கொல்லவும் இதே புண்ணாக்கைப் பயன்படுத்துவது உண்டு. இப்போது அந்த இடத்தைத் தேயிலை இன மரத்தின் விதைப் புண்ணாக்கு பிடித்திருக்கிறது. துள்ளும் புழுவையும் அது கொல்கிறது. கூடவே மற்றப் புழுக்களையும் கொல்கிறது. ஓடையில் கலந்தால் மீனுக்கும் தவளைக்கும் ஆபத்து. முட்டைக்கூட்டுக்குள் இருக்கும் குஞ்சை அது தொடுவதில்லை. அடுத்த ஏப்ரலில் எல்லாம் பழையபடி தொடங்கும்.

வெர்மான்ட் பல்கலைக்கழகத்தில் மண் விஞ்ஞானி ஜோசப் கோரஸின் குழு, பூச்சிகளைத் தாக்கும் ஒரு பூஞ்சையை இந்தப் புழுக்களிடம் சோதித்துப் பார்த்தது. புழுவுக்கான மருந்தாக அது இன்னும் கடைக்கு வரவில்லை.

உருப்படியாகத் தெரிந்த பலவீனம் ஒன்றே: சூடு. முட்டைக்கூட்டை 40 டிகிரி செல்சியஸில் மூன்று நாள் வைத்தால் பொரிக்காது என்று விஸ்கான்சின் ஆய்வாளர்கள் 2019ல் காட்டினார்கள். நமக்கு அது அக்னி நட்சத்திரத்தின் சாதாரண மத்தியானம். அங்கே கோடையில் கண்ணாடி போன்ற பாலித்தீன் தாளை ஈரமண்ணின் மேல் இறுக்கி விரித்து, இரண்டு மூன்று வாரம் வெயிலைச் சிறைபிடிக்க வேண்டும். மரநிழல் விழும் தோட்டத்தில் இந்த வித்தை பலிக்காது. அமெரிக்க வீட்டுத் தோட்டங்கள் பலவற்றில் மரநிழல்தான்.

*[பெட்டிச் செய்தி]*
தோட்டக்காரர் செய்யக்கூடியது

கடுகுக் கரைசல்: சுமார் நாலு லிட்டர் தண்ணீரில் மூன்றில் ஒரு கப் கடுகுப் பொடி. சருகை விலக்கி, மண்ணில் மெதுவாக ஊற்றினால் எரிச்சல் தாங்காமல் புழுக்கள் மேலே வரும். செடிக்குக் கெடுதல் இல்லை. கடுகு கொல்லாது, பொறுக்குவது நம் வேலை. பிளாஸ்டிக் பையில் கட்டி வெயிலில் வைத்துக் குப்பையில் சேர்க்கலாம். கம்போஸ்ட் குழியில் போடவே கூடாது.

கம்போஸ்ட் வாங்கும்போது: 55 டிகிரி செல்சியஸில் குறைந்தது மூன்று நாள் சூடேற்றிய சரக்கா என்று கேளுங்கள். கடைக்காரருக்குத் தெரியவில்லையென்றால் வாங்காதீர்கள்.

மூடாக்கு: புழு வந்துவிட்ட தோட்டத்தில் இலையும் மரத்தூளும் கனமாகப் போடுவது விருந்து வைப்பது போல. தரையைப் போர்த்தும் உள்ளூர்ப் புல், செடிகளை நெருக்கமாக நட்டு மண்ணை மூடுங்கள்.

கருவிகள்: பிறர் தோட்டத்துக்குப் போகும்முன் மண்வெட்டி, செருப்பு, கார் மிதியடியைக் கழுவுங்கள்.

மூடாக்கு போடாதே என்பதா?

இந்தப் பட்டியலில் எனக்கு உறுத்தும் வரி மூடாக்கு பற்றியதுதான். ரசாயன உரத்தை விட்டு வந்தவர்களிடம் நாம் பல வருடமாகச் சொல்லிவந்த முதல் பாடமே மண்ணை மூடு, மண்ணுக்குச் சாப்பாடு போடு என்பது. அதை நம்பி ஒழுங்காகச் செய்தவரின் தோட்டத்தில்தான் துள்ளும் புழு கொழுக்கிறது. இயற்கை விவசாயம் தப்பு என்று இதை வைத்து யாராவது கிளம்பினால் அது வீண் வாதம். மண்புழு நல்லது என்ற வாக்கியத்தில் எந்த மண், எந்தப் புழு என்ற இரண்டு கேள்விகளையும் நாம் கேட்காமலே விட்டோம் என்பதுதான் சங்கதி.

தமிழ்நாட்டிலும் அந்தக் கேள்விகளைக் கேட்டவர்கள் உண்டு. மண்புழு உரத் தொழில் இங்கே பெருகியபோது தொட்டிகளில் பெரும்பாலும் இறங்கியது ஆப்பிரிக்காவின் யூட்ரிலஸும் ஐரோப்பாவின் ஐசீனியாவும். சென்னையின் மண் உயிரியலாளர் சுல்தான் அகமது இஸ்மாயில், உள்ளூர் லாம்பிட்டோ மாரிட்டியையும் பெரியோனிக்ஸையும் வைத்தே உரமும் மண்ணும் செய்யலாம் என்று நெடுங்காலம் எடுத்துச் சொன்னார். தென் அமெரிக்காவில் பிறந்த பொன்டோஸ்கோலெக்ஸ் புழு உலகின் வெப்ப நாடுகளெல்லாம் சுற்றி மேற்குத் தொடர்ச்சி மலையிலும் குடியேறியிருக்கிறது. அதே புழு பிரேசிலின் மனாவுஸ் பக்கம், காட்டை அழித்து உண்டாக்கிய மேய்ச்சல் நிலங்களில் மண்ணை இறுக்கிப் பாழாக்கியது. துள்ளும் புழுக்களின் உறவுகள் சில இந்திய மலைப் பகுதிகளிலும் பதிவாகியிருக்கின்றன. நீலகிரியில் தொட்டிச் செடி வாங்கி வரும்போது மண்ணை ஒருமுறை தட்டிப் பார்ப்பதில் நஷ்டமில்லை.

எடிசனில் அன்று மத்தியானம் அம்மா கடுகுப் பொடியைத் தண்ணீரில் கரைத்தார். சாம்பாரில் தாளிப்பதை மண்ணில் ஊற்றச் சொல்கிறானே என்று மகனைத் திட்டிக்கொண்டே ஊற்றினார். ஒரு முறத்தளவு இடத்திலிருந்து அவர் பொறுக்கியவை நாற்பதைத் தாண்டின. அதன் பிறகு பேச்சில்லை. எதிர் வீட்டு மருமகளுக்குக் கொடுப்பதற்காகத் தொட்டியில் பெயர்த்து வைத்திருந்த கற்பூரவல்லிச் செடியை எடுத்து, வேரை வாளித் தண்ணீரில் மூன்று தடவை அலசினார். அப்போதும் நம்பிக்கை வராமல் மேலே நாலு கணுவை மட்டும் கிள்ளி, ஒரு டம்ளர் தண்ணீரில் போட்டுக் கொடுத்தனுப்பினார்.

அமெரிக்காவுக்கோ கனடாவுக்கோ பிள்ளைகள் வீட்டுக்குப் போகிறவர்கள் அதையே செய்யுங்கள். செடி கொடுக்கலாம், வாங்கலாம், மண் வேண்டாம். கணுவாகக் கிள்ளிக் கொடுங்கள், விதையாகக் கொடுங்கள், வேரோடுதான் என்றால் அலசிக் கொடுங்கள். அலசிய சேற்றைத் தோட்டத்தில் ஊற்றாமல் வடிகட்டிப் பையில் கட்டி வெயிலில் வையுங்கள். கடுகுப் பொடி அங்கேயே எல்லா இந்தியக் கடையிலும் கிடைக்கும்; பெட்டியில் எடுத்துப் போக வேண்டியதில்லை.